ஆட்டக்காரரும் பயிற்றுநரும்: டேவ் வட்மோர் பற்றிய ஒரு வரலாற்று நோக்கு

திருகோணமலைத் துறைமுகத்தை அண்டிய கப்பல்துறையிற் பிறந்து வளர்ந்த ஒருவனுக்கு வரலாறு என்பது கப்பலில் வந்து கப்பலிற் போவதாகவே தோன்றுவதில் வியப்பில்லை. போர்த்துக்கேயர், ஒல்லாந்தர், பிரான்சியர், ஆங்கிலேயர் ஆகிய நால்வரும் இத்துறைமுகத்தை விரும்பி வந்தவர்களே. 1957ஆம் ஆண்டில் பிரித்தானியக் கடற்படை இங்கிருந்து அகன்றது. ஆனால் அவர்களோடு வந்த சில பொருள்கள் அவர்களோடு திரும்பிப் போகவில்லை. விளையாட்டுகள் அவற்றுள் ஒன்று. உதைபந்தும் கிரிக்கெற் மட்டையும் கரையிலேயே தங்கிவிட்டன.

அவுஸ்திரேலியாவுக்கும் இலங்கைக்கும் இடையிலான விளையாட்டுத் தொடர்பும் கப்பலாலேயே ஏற்பட்டது. இங்கிலாந்துக்குக் கடல்வழியாகச் சென்ற அவுஸ்திரேலிய அணிகள் இடைவழியிற் கொழும்பில் இறங்கி ஒருநாள் ஆடிவிட்டுப் போவது நீண்டகால வழக்கமாக இருந்தது. இலங்கை சுதந்திரம் பெற்று இரண்டு மாதங்கூட நிறையாத 1948 மார்ச் மாதத்தில், டொன் பிரட்மனின் புகழ்பெற்ற அணி அவ்வாறு வந்திறங்கித் தமிழ் யூனியன் கழகத்தின் மைதானத்தில் ஆடியது. அன்று இலங்கை அணிக்குத் தலைமை தாங்கியவர் மகாதேவன் சதாசிவம். ஆட்டம் நடந்துகொண்டிருக்கையில், 22 யார் நீளமிருக்க வேண்டிய ஆடுகளம் 20 யாராகவே அமைந்திருந்தமை கண்டுபிடிக்கப்பட்டது. இது நகைப்புக்குரிய செய்தியாகத் தோன்றலாம். ஆயினும், திறமை மிக்க ஆட்டக்காரர் ஒரு நாட்டில் இருப்பது வேறு, அவ்வாட்டத்தை ஒழுங்குற நடத்தும் அமைப்பு அந்நாட்டில் இருப்பது வேறு என்ற உண்மையை அந்த இரண்டு யார் இடைவெளி நமக்கு உணர்த்துகின்றது. அவ்விடைவெளியை நிரப்புவோர் யார் என்பதே இக்கட்டுரையின் வினாவாகும். கொழும்பிற் பிறந்து, அவுஸ்திரேலியராக வளர்ந்து, அந்நாட்டுக்காக ஆடி, பின்னர் பிறந்த நாட்டுக்குப் பயிற்றுநராகத் திரும்பிய டேவ் வட்மோரின் வாழ்வை முன்வைத்து அவ்வினாவை ஆராய்வோம்.

பயிற்றுநரும் வரலாற்றுப் பதிவும்

ஆட்டக்காரரின் வரலாற்றை எழுதுதல் ஒப்பீட்டளவில் எளிது. அவர் பெற்ற ஓட்டங்களும் வீழ்த்திய விக்கெற்றுகளும் அடித்த கோல்களும் எண்களாகப் பதிவு செய்யப்பட்டுள்ளன. பயிற்றுநரின் நிலை அத்தகையதன்று. அவரது உழைப்பு பிறருடைய பெயரின் எதிரே எண்ணாகப் பதிவாகின்றது. ஓர் ஆட்டக்காரரின் கால் அசைவைத் திருத்துவதற்கு அவர் செலவிட்ட மாதங்கள் எந்த ஏட்டிலும் இடம்பெறுவதில்லை. ஆகவே பயிற்றுநரை வரலாறு இரண்டு வகையில் தவறாக மதிப்பிடுகின்றது. ஒன்று, அவரை முற்றாக மறந்துவிடுவது. மற்றது, வெற்றி முழுவதையும் அவர் தலையில் ஏற்றி அவரை மந்திரவாதியாக்கிவிடுவது. வட்மோர் இவ்விரண்டாவது தவறுக்குப் பெரிதும் உட்பட்டவர்.

கிரிக்கெற்றில் இக்குழப்பம் மிகுதியாக இருப்பதற்குக் காரணம் உண்டு. அவ்வாட்டத்தில் அணித்தலைவரே தலைமையிடத்தைப் பெற்றவர். களத்தில் முடிவுகளை எடுப்பவர் அவரே. முழுநேரப் பயிற்றுநர் என்ற பதவி மிகப் பிந்தியே தோன்றியது. அவுஸ்திரேலியாவிலேயே பொப் சிம்சன் அப்பதவியை ஏற்றது 1986ஆம் ஆண்டிற்றான்.

ஆனால் அதே அவுஸ்திரேலியாவின் மெல்பேர்ண் நகரில் வேறொரு விளையாட்டு வேறொரு மரபை வளர்த்திருந்தது. அவுஸ்திரேலிய விதி உதைபந்தாட்டம் எனப்படும் அவ்வாட்டம், மாரிகாலத்திலும் கிரிக்கெற் வீரர் உடலுறுதி குன்றாதிருக்க வேண்டும் என்ற நோக்கோடு 1858ஆம் ஆண்டில் ரொம் வில்ஸ் என்ற கிரிக்கெற் வீரர் பத்திரிகைக்கு எழுதிய கடிதத்தின் தொடர்ச்சியாக உருவானது. அதன் விதிகள் 1859ஆம் ஆண்டு மே மாதத்தில் எழுதப்பட்டன. அணிக்குப் 18 பேர் கொண்ட அவ்வாட்டத்திற் பயிற்றுநரின் பெயர் ஆட்டக்காரரின் பெயருக்குச் சமமாக, சிலவேளை அதற்கு மேலாகவும் போற்றப்படுவதாயிற்று. கொலிங்வூட் கழகத்துக்கு ஆடியவரான ஜொக் மக்ஹேல், 1912 முதல் 1949 வரை அக்கழகத்தின் பயிற்றுநராக இருந்து 714 ஆட்டங்களை நெறிப்படுத்தி எட்டுத் தடவை வாகை சூடச் செய்தவர். ஒரே கழகத்தில் ஆட்டக்காரராகத் தொடங்கிப் பயிற்றுநராகவே முதுமையெய்திய அவரைப் போன்றோரை அந்நகர மக்கள் நன்கறிவர். வட்மோர் வளர்ந்த நகரம் இதுவே என்பது மனங்கொளத்தக்கது.

புலப்பெயர்வும் ஆட்டவாழ்வும்

டேவிட் பிரெட்ரிக் வட்மோர் 1954ஆம் ஆண்டு மார்ச் 16ஆந் திகதி கொழும்பிற் பிறந்தார். அவருக்கு எட்டு வயதாக இருந்த 1962ஆம் ஆண்டில் குடும்பத்தினர் அவுஸ்திரேலியாவிற் குடியேறினர். அக்காலப் பகுதியை நாம் நன்கறிவோம். 1956ஆம் ஆண்டில் சிங்களம் மட்டும் சட்டம் நிறைவேற்றப்பட்டதன் பின்னர், ஆங்கிலத்தைத் தாய்மொழியாகக் கொண்டிருந்த பறங்கியர் சமூகத்தினர் பெருந்தொகையாக நாட்டை விட்டு நீங்கினர். அவர்களிற் பெரும்பாலோர் சேர்ந்தது அவுஸ்திரேலியாவில், சிறப்பாக மெல்பேர்ண் நகரிலாகும். வெள்ளை அவுஸ்திரேலியக் கொள்கை முற்றாகக் கைவிடப்பட்டது 1973ஆம் ஆண்டிலேயே ஆதலால், அதற்கு முன் சென்றோர் தமது ஐரோப்பிய வழித்தோன்றலை எடுத்துக்காட்ட வேண்டியிருந்தது. ஒரு நாட்டில் மொழியாலும் மறுநாட்டில் நிறத்தாலும் மனிதர் அளக்கப்பட்ட காலம் அது. இலங்கைத் தமிழராகிய நமக்கு இவ்விரு அளவுகோல்களும் புதியனவல்ல.

வட்மோர் விக்ரோறியா மாநில அணிக்காக 1975-76 பருவத்தில் ஆடத் தொடங்கினார். வலக்கைத் துடுப்பாட்டக்காரரான அவர் முதற்றரப் போட்டிகளில் 6,000க்கு மேற்பட்ட ஓட்டங்களையும் 10 சதங்களையும் பெற்றவர். எனினும் சர்வதேச ஆட்டம் அவருக்கு நீண்டநாள் வாய்க்கவில்லை. 1977ஆம் ஆண்டில் கெரி பாக்கர் தொடங்கிய போட்டித்தொடர் அவுஸ்திரேலியாவின் முன்னணி வீரரைக் கவர்ந்துகொண்டபோது, அதிகாரபூர்வ அணியில் வெற்றிடங்கள் தோன்றின. அவற்றை நிரப்பியோருள் வட்மோரும் ஒருவர். 1979ஆம் ஆண்டு மார்ச் மாதத்திற் பாக்கிஸ்தானுக்கு எதிராக ஆடத் தொடங்கிய அவர், அதே ஆண்டின் பிற்பகுதியிற் கிம் ஹியூஸ் தலைமையில் இந்தியாவுக்குச் சென்ற அணியிலும் இடம்பெற்றார். பாக்கரின் வீரர் மீண்டதும் அவரது இடம் போயிற்று. அவர் ஆடிய ரெஸ்ற் போட்டிகள் ஏழு. அவ்வேழும் ஒரே ஆண்டிற்குள் அடங்கிவிட்டன. பெற்ற ஓட்டங்கள் 293. மிகக் கூடியது 77. ஒருநாட் போட்டியோ ஒன்றேயொன்று.

இவ்வெண்களைக் கொண்டு மட்டும் நோக்கின் வட்மோர் வரலாற்றின் அடிக்குறிப்பாகவே எஞ்சியிருப்பார். ஆயின், இங்கு ஒன்றைச் சிந்தித்தல் வேண்டும். இயல்பான பேராற்றல் வாய்த்தவனுக்குத் தான் எவ்வாறு ஆடுகின்றான் என்பதை ஆராயும் தேவை பெரும்பாலும் எழுவதில்லை. அணியின் விளிம்பில் நின்று, ஒவ்வோர் ஓட்டத்தையும் உழைத்துப் பெற்று, பிறர் வெற்றிடத்தில் நுழைந்து, அவர் திரும்பியதும் வெளியேறியவனுக்கோ அத்தேவை நாளும் எழும். சிறந்த மாணாக்கன் சிறந்த ஆசிரியனாவான் என்பதற்கு உறுதியில்லை. தடுமாறிக் கற்றவனே மற்றவனுடைய தடுமாற்றத்தை அறிவான். இது பல்கலைக்கழகத்தில் நாம் நாளும் காணும் உண்மையுமாகும்.

வட்மோர் அவுஸ்திரேலியாவுக்காக ஆடிய 1979ஆம் ஆண்டில் அவர் பிறந்த நாட்டுக்கு ரெஸ்ற் அந்தஸ்து இருக்கவில்லை. அது 1981ஆம் ஆண்டிலேயே கிடைத்தது. இலங்கையின் முதலாவது ரெஸ்ற் போட்டி 1982ஆம் ஆண்டு பெப்ரவரி 17ஆந் திகதி இங்கிலாந்துக்கு எதிராகத் தொடங்கியது. அது நடந்த இடம், பிரட்மன் வந்து ஆடிய அதே தமிழ் யூனியன் கழக மைதானமே. அப்போது அது இலங்கைக் கிரிக்கெற் கட்டுப்பாட்டுச் சபையின் முதலாவது தலைவரான பி. சரவணமுத்துவின் பெயரைத் தாங்கியிருந்தது.

1995-96: அவமதிப்பும் வெற்றியும்

ரெஸ்ற் அந்தஸ்துப் பெற்று ஏறத்தாழப் பதினான்கு ஆண்டுகள் கழிந்திருந்த நிலையில், 1995ஆம் ஆண்டில் வட்மோர் இலங்கை அணியின் பயிற்றுநராகப் பொறுப்பேற்றார். அவர் வெறுமையில் வந்து நிற்கவில்லை என்பதை முதலிற் கூறுதல் வேண்டும். அந்த ஆண்டின் மார்ச் மாதத்திலேயே, அவரது வருகைக்கு முன்னர், இலங்கை நியூசிலாந்தில் ரெஸ்ற் தொடரை வென்றிருந்தது. அர்ஜுன ரணதுங்கவின் உறுதியான தலைமை இருந்தது. அரவிந்த டி சில்வாவின் முதிர்ந்த துடுப்பாட்டம் இருந்தது. பாடசாலைக் கிரிக்கெற்றின் நெடுங்கால மரபு இருந்தது. குறைவாக இருந்தவை உடலுறுதியும் களத்தடுப்பின் ஒழுங்கும் வெல்ல முடியும் என்ற எண்ணத்தின் தொடர்ச்சியுமே. வட்மோரும், அவருடன் பணியாற்றிய அவுஸ்திரேலியரான உடலியக்கச் சிகிச்சையாளர் அலெக்ஸ் கொண்டூரியும் கவனம் செலுத்தியவை இவையே. அதே ஆண்டிற் பாக்கிஸ்தானில் முதற் போட்டியைத் தோற்ற இலங்கை, அடுத்த இரண்டையும் வென்று தொடரைக் கைப்பற்றியது.

பின்னர் வந்தது 1995-96 அவுஸ்திரேலியச் சுற்றுப்பயணம். வட்மோர் தாம் வளர்ந்த நாட்டுக்குத் தாம் பிறந்த நாட்டின் அணியோடு சென்றார். அங்கு கிடைத்த வரவேற்பு இனிதாக அமையவில்லை. பந்தைச் சேதப்படுத்தியதாக இலங்கை அணி குற்றஞ்சாட்டப்பட்டது. அக்குற்றச்சாட்டுப் பின்னர் நீக்கப்பட்டது. 1995 டிசெம்பர் 26ஆந் திகதி, வட்மோரின் சொந்த நகரமான மெல்பேர்ணில், நடுவர் டரல் ஹெயார் முத்தையா முரளிதரனின் பந்துவீச்சை ஏழு தடவை முறையற்ற பந்து என அறிவித்தார். பத்து நாட்களின் பின் பிறிஸ்பேனில் நடைபெற்ற ஒருநாட் போட்டியில் மற்றுமொரு நடுவரும் அவ்வாறே செய்தார். தேயிலைத் தோட்டத் தொழிலுக்கெனத் தமிழகத்திலிருந்து வந்தவரின் பேரன் முரளிதரன். நாட்டின் அணியில் இருந்த அந்த ஒரு தமிழ் இளைஞரின் பந்துவீச்சு வாழ்வு அன்றே முடிந்திருக்கக்கூடும். அணித்தலைவரும் பயிற்றுநரும் உள்ளிட்ட அணி நிருவாகம் அவரைக் கைவிடவில்லை. மருத்துவ, அறிவியல் ஆய்வுகளுக்குப் பின் அவர் தொடர்ந்து ஆடினார். 2010ஆம் ஆண்டிற் காலியில் 800ஆவது ரெஸ்ற் விக்கெற்றுடன் அவர் விடைபெற்றபோது, மெல்பேர்ணிற் காட்டப்பட்ட அந்த உறுதியின் பயன் உலகுக்குத் தெரிந்தது. ஒருவனைச் சந்தேகத்தின் நடுவே அணியில் வைத்திருப்பது ஓட்டப்பட்டியலில் இடம்பெறாத செயல். ஆயினும் அது அந்த ஆண்டின் முதன்மையான செயல்களுள் ஒன்று.

அச்சுற்றுப்பயணத்தின் ஒருநாட் போட்டிகளிலேயே ரொமேஷ் களுவிதாரண தொடக்கத் துடுப்பாட்டத்துக்கு உயர்த்தப்பட்டு, சனத் ஜயசூரியவோடு சேர்ந்து முதற் பந்திலிருந்தே தாக்கி ஆடும் முறை வகுக்கப்பட்டது. முதல் 15 ஓவர்களிற் களத்தடுப்பாளர் பெரும்பாலும் வட்டத்துக்குள் நிற்க வேண்டும் என்ற விதியை எச்சரிக்கையாகப் பயன்படுத்தி வந்த கிரிக்கெற் உலகம், அவ்விதியைத் துணிவோடு பயன்படுத்தலாம் என்பதை இலங்கையிடம் கற்றது. 1996 மார்ச் 6ஆந் திகதி கண்டியிற் கென்யாவுக்கு எதிராக இலங்கை குவித்த 398 ஓட்டங்கள் அக்காலத்தில் ஒருநாட் போட்டிகளின் உலக சாதனையாக விளங்கின.

அவ்வுலகக் கிண்ணத்தின் பின்னணியையும் ஈண்டு நினைவுகூர்தல் வேண்டும். 1995 ஒக்டோபரில் யாழ்ப்பாணத்தவர் இலட்சக்கணக்கில் இடம்பெயர்ந்தனர். டிசெம்பரில் யாழ்நகர் இராணுவத்தின் வசமாயிற்று. 1996 ஜனவரி 31ஆந் திகதி கொழும்பில் மத்திய வங்கி குண்டுத்தாக்குதலுக்கு உள்ளாகி ஏறத்தாழ 90 பேர் உயிரிழந்தனர். அவுஸ்திரேலியாவும் மேற்கிந்தியத் தீவுகளும் கொழும்பில் ஆட மறுத்தன. இந்திய, பாக்கிஸ்தானிய வீரர் ஒரே அணியாகச் சேர்ந்து கொழும்பில் வந்து ஆடி ஆதரவைத் தெரிவித்தனர்.

மார்ச் 17ஆந் திகதி லாகூரில் இறுதியாட்டம். எதிரணி அவுஸ்திரேலியா. அதுவரை நடந்த ஐந்து உலகக் கிண்ண இறுதியாட்டங்களிலும் முதலில் துடுப்பெடுத்தாடிய அணியே வென்றிருந்தும் ரணதுங்க களத்தடுப்பைத் தேர்ந்தார். அவுஸ்திரேலியா 7 விக்கெற்று இழப்புக்கு 241 ஓட்டங்களைப் பெற்றது. இலங்கை துடுப்பெடுத்தாடியபோது உலகமே வியந்த அத்தொடக்கத் திட்டம் அன்று பலிக்கவில்லை. ஜயசூரியவும் களுவிதாரணவும் ஆட்டமிழந்தபோது ஓட்ட எண்ணிக்கை 23 மட்டுமே. அதன் பின்னர் அசங்க குருசிங்க 65 ஓட்டங்களையும், அரவிந்த டி சில்வா ஆட்டமிழக்காது 107 ஓட்டங்களையும், ரணதுங்க ஆட்டமிழக்காது 47 ஓட்டங்களையும் பெற, 22 பந்துகள் எஞ்சியிருக்க ஏழு விக்கெற்றுகளால் இலங்கை வென்றது. பந்துவீச்சில் அரவிந்த 42 ஓட்டங்களுக்கு மூவரை வீழ்த்த, முரளிதரன் 10 ஓவர்களில் 31 ஓட்டங்களை மட்டுமே கொடுத்தார்.

பயிற்றுநரின் பணியை மதிப்பிட இவ்விறுதியாட்டமே தக்க சான்று என்பது எனது கருத்து. வகுத்த திட்டம் வெற்றிபெறும் நாளில் எவரும் திட்டத்தைப் புகழ்வர். திட்டம் தோற்ற நாளிலும் அணி கலங்காதிருந்தால், பயிற்சி திட்டத்தைத் தாண்டி ஆட்டக்காரரின் இயல்பாகிவிட்டது என்று கொள்ளலாம்.

அன்றைய நாளைப் பற்றி எங்கள் ஊரில் அக்காலத்து இளைஞராயிருந்தோர் இன்றும் கூறுவதுண்டு. மின்கல வானொலியைச் சுற்றியிருந்து ஆட்டத்தைக் கேட்டார்களாம். முரளிதரன் பந்துவீசிய ஓவர்களில் ஒருவரும் பேசவில்லையாம். வெற்றிச் செய்தி வந்ததும் மகிழ்ந்தார்கள். ஆனால் வெடி கொளுத்தவில்லை. இரவில் வெடிச்சத்தம் கேட்டால் என்ன நிகழும் என்பதை எல்லோரும் அறிந்திருந்தனர். அம்மகிழ்ச்சியும் அந்த மௌனமும் ஒருங்கே உண்மையானவை. ஒன்றைச் சொல்லி மற்றதை விடும் வரலாறு அரை வரலாறே. ஒரு வெற்றி நாட்டை ஒன்றாக்கிவிட்டது என்று எழுதுவோர் அந்த மௌனத்தைக் கேட்டதில்லை. தமிழர் எவரும் அவ்வெற்றியைத் தமதென்று கொள்ளவில்லை என்று எழுதுவோர் அந்த வானொலியைச் சுற்றியிருந்தவர்களைக் கண்டதில்லை.

ஒப்பீடு தரும் விடை

1996ஆம் ஆண்டு வெற்றியில் வட்மோரின் பங்கு எவ்வளவு என்ற வினாவுக்கு இலங்கையை மட்டும் வைத்து விடைகாண முடியாது. ரணதுங்கவின் தலைமை, அரவிந்தவின் ஆற்றல், வட்மோரின் பயிற்சி ஆகியவற்றைப் பிரித்து நிறுக்கும் தராசு எதுவும் இல்லை. இத்தகைய இடர்ப்பாட்டில் வரலாற்று மாணவர் நாடுவது ஒப்பீட்டு முறையையே. அதே மனிதர் வேறு நாடுகளில் என்ன செய்தார் என்று நோக்குவோம்.

உலகக் கிண்ணத்தின் பின் இங்கிலாந்தின் லங்காஷயர் கழகத்திற் பணியாற்றிய வட்மோர், 1999ஆம் ஆண்டு உலகக் கிண்ணத்தில் இலங்கை முதற் சுற்றோடு வெளியேறிய பின்னர் மீண்டும் அழைக்கப்பட்டார். அந்த ஆண்டு செப்ரெம்பரிற் கண்டியில் இலங்கை அவுஸ்திரேலியாவை ரெஸ்ற் போட்டியொன்றில் முதன்முறையாக வென்றது. 2003ஆம் ஆண்டு உலகக் கிண்ணத்தில் அரையிறுதி வரை சென்ற பின் அவர் பங்களாதேஷுக்குச் சென்றார்.

பங்களாதேஷ் 2000ஆம் ஆண்டில் ரெஸ்ற் அந்தஸ்துப் பெற்றும் ஒரு ரெஸ்ற் போட்டியிலேனும் வெல்லாதிருந்த அணி. 2005 ஜனவரியிற் சிட்டகொங்கில், தனது 35ஆவது போட்டியில், அது சிம்பாப்வேயை 226 ஓட்டங்களால் வென்று முதல் வெற்றியைக் கண்டது. அதே ஆண்டு ஜூன் 18ஆந் திகதி காடிவ் நகரில் அவுஸ்திரேலியாவை வென்றது. மொஹமட் அஷ்ரபுல் அன்று பெற்ற சதம் எல்லோர்க்கும் நினைவிலுண்டு. 2007ஆம் ஆண்டு உலகக் கிண்ணத்தில், லாகூர் வெற்றிக்குச் சரியாகப் பதினொரு ஆண்டுகளின் பின் அதே மார்ச் 17ஆந் திகதி, இந்தியாவை வென்று அதனை முதற் சுற்றோடு திருப்பி அனுப்பியது. பின்னர் தென்னாபிரிக்காவையும் வென்றது. பிற்காலத்தில் 2017 முதல் வட்மோர் கேரள மாநில அணியின் பயிற்றுநராக இருந்தபோது, அவ்வணி ரஞ்சிக் கிண்ணத்திற் முதலாம் ஆண்டிற் காலிறுதியையும் அடுத்த ஆண்டில் அரையிறுதியையும் தன் வரலாற்றில் முதன்முறையாக எட்டியது. 2008ஆம் ஆண்டில் கோலாலம்பூரில் விராட் கோலி தலைமையில் 19 வயதுக்குட்பட்டோருக்கான உலகக் கிண்ணத்தை வென்ற இந்திய அணிக்கும் பயிற்றுநர் அவரே.

இவற்றுக்கு மறுபுறமும் உண்டு. 2012ஆம் ஆண்டிற் பொறுப்பேற்ற பாக்கிஸ்தான் அணி அந்த ஆண்டே ஆசியக் கிண்ணத்தை வென்றதாயினும், 2013 பெப்ரவரியில் ஜொகன்னஸ்பேர்க்கில் 49 ஓட்டங்களுக்குள் சுருண்டது. அதே ஆண்டிற் சிம்பாப்வேயிடம் ஒரு ரெஸ்ற் போட்டியில் தோற்றது. பின்னர் சிம்பாப்வேக்குப் பயிற்றுநராகச் சென்ற வட்மோர், 2016ஆம் ஆண்டில் இருபது ஓவர் உலகக் கிண்ணத்தில் அவ்வணி முதற் சுற்றைத் தாண்டத் தவறியதைத் தொடர்ந்து பதவியிலிருந்து நீக்கப்பட்டார்.

இவ்விரு வரிசைகளையும் அருகருகே வைத்து நோக்கின் ஒரு பொதுமை தென்படும். ஆற்றல் இருந்தும் ஒழுங்கும் நம்பிக்கையும் குன்றியிருந்த இலங்கை, பங்களாதேஷ், கேரளம் ஆகிய அணிகளில் அவர் வெற்றி கண்டார். பாக்கிஸ்தான், உள்நாட்டில் சர்வதேசப் போட்டிகளை நடத்த இயலாது வெளிநாடுகளிலேயே ஆடிவந்த அணி. சிம்பாப்வேயின் கிரிக்கெற் நிதி நெருக்கடியிலும் வீரரின் வெளியேற்றத்திலும் நலிந்திருந்தது. அவ்விடங்களில் அவர் பெற்றது குறைவு. ஆகவே பயிற்றுநர் இல்லாத ஆற்றலைப் படைப்பவரல்லர். இருக்கும் ஆற்றலை ஒழுங்குபடுத்தி நிலைநிறுத்துபவர். மைதானம், பாடசாலை, நிருவாகம், ஊதியம் என்ற நான்கு கால்களும் இல்லாத இடத்தில் அவர் கட்டும் பந்தல் நில்லாது. வட்மோரை மந்திரவாதியாக்குவதும் தவறு; கூலிக்கு வந்த அந்நியராகக் கருதி ஒதுக்குவதும் தவறு என்பது இதனாற் பெறப்படும்.

நமக்குரிய பாடம்

வட்மோர் யாருக்கு உரியவர்? பிறப்பால் இலங்கையர், வளர்ப்பாலும் குடியுரிமையாலும் அவுஸ்திரேலியர், தொழிலால் ஆசியாவின் பல அணிகளுக்கு ஆசிரியர். இவ்வினா இலங்கைத் தமிழருக்கு வெறும் விளையாட்டு வினாவன்று. நம் உறவினரிற் பலர் இன்று மெல்பேர்ணிலும் ரொறன்ரோவிலும் இலண்டனிலும் வாழ்கின்றனர். எட்டு வயதிற் புறப்பட்ட பிள்ளைகள் அவர்களிலும் உளர். அவர்கள் எந்நாட்டவர் என்று வாதிடுவதிலும், அவர்கள் கற்றது எங்கே பயன்படும் என்று சிந்திப்பது மேலானது. நாட்டை விட்டுப் போனவர் மீண்டு வந்து கற்பிக்க ஓர் இடமும் அழைப்பும் இருந்தன என்பதே 1995ஆம் ஆண்டின் சிறப்பு. அவ்வழைப்பை விடுக்கும் நிலையில் நமது ஊர்களின் கழகங்களும் பாடசாலைகளும் இருக்கின்றனவா என்பதே நாம் கேட்க வேண்டிய வினா.

மற்றுமொன்று. நமது சமூகத்துப் பயிற்றுநரை நாமே பதிவு செய்யவில்லை. 1983ஆம் ஆண்டில் நியூசிலாந்தில் இலங்கைக்காக இரண்டு ரெஸ்ற் போட்டிகளில் ஆடிய ஸ்ரீதரன் ஜெகநாதன், பின்னர் மலேசியாவிற் பயிற்றுநராகப் பணியாற்றி, இலங்கை கிண்ணம் வென்ற 1996ஆம் ஆண்டிலேயே காலமானார். அவர் பெயரை அறிந்த மாணவர் நம்முள் எத்தனை பேர்? சர்வதேச அரங்கில் ஆடியவரின் நிலையே இதுவாயின், ஊர்ப் பாடசாலையில் மாலைதோறும் விசிலோடு நின்றவரின் நிலையைச் சொல்ல வேண்டியதில்லை.

இக்கட்டுரைக்காகச் செய்திகளைத் திரட்டியபோது, கப்பல்துறையில் இப்போது ஐம்பது வயதைத் தாண்டிய சிலரிடம் அவர்களுக்குப் பந்துவீசக் கற்றுக் கொடுத்தவர் யாரென்று கேட்டேன். ஒவ்வொருவரும் தயங்காமல் ஒரு பெயரைச் சொன்னார்கள். ஓர் ஆசிரியர், ஒரு மூத்த மாணவர், துறைமுகத்தில் வேலை செய்த ஒருவர். அப்பெயர்களில் ஒன்றேனும் எந்தப் பாடசாலை மலரிலும் இருப்பதாக அவர்கள் அறியவில்லை. போர்க்காலத்தில் மைதானங்கள் வெறிச்சோடிக் கிடந்த மாலைகளிலும் ஒரு சில பிள்ளைகளையேனும் கூட்டி ஆடவைத்தவர்கள் அவர்கள். வட்மோரின் வரலாற்றை எழுத எண்களும் ஏடுகளும் இருக்கின்றன. இவர்களின் வரலாற்றை எழுதச் சிலரின் நினைவு மட்டுமே உண்டு. நினைவுள்ளோர் இருக்கும்போதே அதனை எழுதிவைத்தல் வரலாறு பயிலும் நமது கடமையாகும். அப்பெயர்களை என் குறிப்பேட்டில் எழுதி வைத்திருக்கிறேன். இச்சங்கத்து நண்பர்களும் தத்தம் ஊரில் அவ்வாறே செய்வார்களாயின், அடுத்த ஆண்டு மலரில் வேறொரு கட்டுரைக்கு இடமுண்டு.